மேனாட்டு நாவல்களிற் சாத்தானும் சோதனையும்

தீமை எங்கிருந்து வந்தது, அதற்குப் பொறுப்பாவார் யாவர் என்னும் வினாக்கள் தத்துவ நூலார்க்கு மட்டும் உரியன அல்ல. கதை புனைவாரும் அவற்றைத் தமக்கேற்ற முறையில் ஆராய்ந்துள்ளனர். தத்துவ நூலார் அளவைகளான் நிறுவ முயல்வதனைக் கதை நூலார் ஒருவன் வாழ்க்கையின்கண் வைத்துக் காட்டுவர். மேனாட்டு நாவல்களுள் சாத்தானைக் கதைமாந்தருள் ஒருவனாக நிறுத்திய நூல்கள் இவ்வாராய்ச்சிக்குப் பெரிதும் இடந்தருவன. அவற்றுள் மாத்யூ லூயிஸ் என்பார் 1796-இல் வெளியிட்ட 'துறவி', ஜேம்ஸ் ஹாக் என்பார் 1824-இல் வெளியிட்ட 'நீதிமானாக்கப்பட்ட பாவியின் நினைவுகளும் ஒப்புக்கோளும்', தாஸ்தாயெவ்ஸ்கி 1879, 1880 ஆகிய ஆண்டுகளில் வெளியிட்ட 'கரமசோவ் சகோதரர்', தாமஸ் மன் 1947-இல் வெளியிட்ட 'டாக்டர் பவுஸ்துஸ்' என்னும் நான்கும் ஈண்டு எடுத்துக்கொள்ளப்படுகின்றன. சோதிப்பான் ஒருவன் வந்தமையால் சோதிக்கப்படுவானது குற்றம் குறைகின்றதா, மிகுகின்றதா என்பதே இந்நூல்களிடத்து வினவற்பாலது. அவ்வினாவிற்கு இறுக்கும் விடையைக் கொண்டே அவற்றின் உயர்வு தாழ்வுகளும் துணியப்படும்.

சொல்லும் பொருளும்

சாத்தான் என்பது எபிரேயச் சொல். எதிர்நிற்பவன், வழக்கில் எதிர்வாதம் புரிபவன் என்பது அதன் பொருள். அதற்கு நேராகக் கிரேக்கர் வழங்கிய தியபொலொஸ் என்னுஞ் சொல் பழி தூற்றுபவன் எனப் பொருள்படும். யோபின் வரலாற்றிற் சாத்தான் இறைவன் அவையினராகிய தேவபுத்திரர் நடுவே வந்து நின்று, இறைவன் இசைவு பெற்றே யோபினைச் சோதிக்கின்றான். சுவிசேடங்களில் பாலைவனத்து நோன்பிருந்த இயேசுவை அணுகிக் கற்களை அப்பமாக்குக என்றும், கோயிலின் உச்சியினின்று குதித்திடுக என்றும், தன்னை வணங்கி உலக அரசுகளைப் பெறுக என்றும் மூன்று வகையாற் சோதிக்கின்றான். இவற்றான் அறியக்கிடப்பது ஒன்றுண்டு. சாத்தான் தொழில் அச்சுறுத்தல் அன்று; சொல்லாடல்.

தமிழிற் பேய், பிசாசு, அலகை என வழங்குவன இப்பொருளைச் சிறிதும் தாரா. அலகை என்னுஞ் சொல் திருக்குறளிலேயே பயின்றதாயினும், ஆண்டு அது சோதிப்பானைக் குறித்ததன்று. இச்சொற்கள் சுடுகாட்டினும் பாழிடத்தினும் திரிவனவாகக் கருதப்படும் கணங்களையே நினைப்பிக்கும். விவிலியத்தைத் தமிழாக்கினோர் பிசாசு என்னுஞ் சொல்லையும் மேற்கொண்டமையால், சாத்தான் வருங் கதை எனின் அஞ்சத்தக்க கதை என்னும் எண்ணம் தமிழ் படிப்பார்க்கு எளிதில் உண்டாகின்றது. சிறந்த நாவல்களில் வருஞ் சாத்தானோ நன்குடுத்தவன், நூல் பல கற்றவன், தருக்கம் வல்லவன், சிலபொழுது நகைச்சுவையும் உடையவன். இவ்வேறுபாட்டை முதற்கண் உணர்ந்து கொள்ளாதார்க்கு இந்நூல்களின் உட்பொருள் விளங்குதல் அரிது.

இக்கதைகட்கெல்லாம் பொதுவாகிய பழைய மூலம் ஒன்றுண்டு. 1587-இல் பிராங்க்பர்ட் நகரில் யோகான் ஸ்பீஸ் என்பவர் அச்சிட்ட பவுஸ்ட் வரலாறே அது. அறிவு வேட்கையாற் பவுஸ்ட் என்னும் அறிஞன் தன் உயிரை எழுதிக் கொடுத்து, 24 ஆண்டு சாத்தான் பணியைப் பெற்றான் என்பது அதன் கதை. மார்லோ அதனை ஆங்கில நாடகமாக்கினார். கதே ஜெர்மன் மொழியிற் பெருங்காப்பிய நாடகமாக்கினார். உடன்படிக்கை, தவணை, தவணை முடிவில் உயிரைக் கவர்தல் என்னும் மூன்றும் அந்நூலினின்றே பிற்காலக் கதைகட்கும் பரவின.

லூயிஸ் எழுதிய 'துறவி'

ஆம்புரோசியோ என்பான் மாத்ரித் நகரத்துக் கப்புச்சின் மடத்துத் தலைவன். பெற்றோரை அறியாது மடத்திலேயே வளர்ந்தவன். அவன் ஒழுக்கத்தை நகரமெல்லாம் வியக்கின்றது. அவ்வியப்பினை அவனும் உள்ளூர நுகர்கின்றான். மடத்தில் இளந்துறவியாய் வந்திருந்தவர் மட்டில்டா என்னும் பெண்ணே எனத் தெரியவருகின்றது. அவளால் அவன் நோன்பு குலைகின்றது. பின்னர் அந்தோனியா என்னும் கன்னியை விரும்பி, அவள் தாயைக் கொன்று, அவளையும் கெடுத்துக் கொல்கின்றான். சமய விசாரணை மன்றத்தின் சிறையிலிருந்து தப்புதற்பொருட்டுச் சாத்தானுக்கு உயிரை எழுதிக் கொடுக்கின்றான். கொடுத்தபின், சிறைவாயிலிற் கேட்ட காலடி ஓசை மன்னிப்புக் கொணர்ந்தோருடையது என்றும், கொல்லப்பட்ட இருவரும் அவன் தாயும் தங்கையுமே என்றும், மட்டில்டா தான் ஏவிய ஓர் ஆவி என்றும் சாத்தான் வெளியிட்டு, அவனை மலைமுகட்டினின்று வீழ்த்துகின்றான்.

மன்னிப்பு வந்து வாயிலில் நிற்கும் நேரத்திற் கையெழுத்து இடப்பட்டது என்பது வலிய கற்பனை. நம்பிக்கை இழத்தலே இறுதிச் சோதனை என்பதனை அஃது ஒரு நொடியிற் காட்டிவிடுகின்றது. ஆயின், மட்டில்டா ஆவியே என்னும் வெளிப்பாடு நூலின் அடிப்படையைச் சிதைக்கின்றது. கதையின் முற்பகுதியில் அவள் மானிடப் பெண்ணாகவே காட்டப்படுகின்றாள். அவளிடத்து அவன் தளர்ந்தது மானிடத் தளர்ச்சியாகவே படிப்பார்க்குத் தோன்றியது. அனைத்தும் சாத்தான் விரித்த வலை எனின், அத்துறவி வலையில் விழுந்த மான் ஆகின்றானேயன்றிப் பாவி ஆகின்றிலன். கவிஞர் கோல்ரிட்ஜ் 1797-இல் எழுதிய மதிப்புரையில் இக்குற்றத்தை நுட்பமாக எடுத்துக் காட்டினார். மானிடச் சோதனை அனைத்தையும் வென்று, ஆவியுலகின் முழு ஆற்றலால் மட்டுமே வெல்லப்படக் கூடியவன் ஒருவன் உளனாயின், அவன் செருக்குக் கொள்ளுதற்கும் உரியனே என்பது அவர் கருத்து. செருக்கைக் கண்டிக்கப் புகுந்த நூல் செருக்கிற்கே சான்று பகர்ந்து முடிந்தது என்பது அதனாற் பெறப்படும்.

ஆகவே, சாத்தானுக்கு எவ்வளவு ஆற்றல் மிகுகின்றதோ அவ்வளவிற்கு மனிதன் பொறுப்புக் குறையும். பொறுப்புக் குறையுந்தோறும் கதையின் பயனும் குறையும். பின்வந்த பெருநூலாசிரியர் சாத்தானிடமிருந்து வியத்தகு ஆற்றல்களை ஒவ்வொன்றாகப் பறித்துச் சொல் ஒன்றனையே பெரும்பான்மையும் அவனுக்கு விட்டமைக்குக் காரணம் இதுவே.

ஹாக் எழுதிய ஒப்புக்கோள்

ஜேம்ஸ் ஹாக் ஸ்காட்லாந்து தேசத்து ஆட்டிடையர். முறையாகக் கல்வி பயிலாதவர். அவர் பெயரின்றி வெளியிட்ட இந்நாவல் நெடுங்காலம் போற்றுவாரின்றிக் கிடந்து, 1947-இல் பிரெஞ்சு ஆசிரியர் ஆந்த்ரே ழீதின் முன்னுரையோடு மீண்டும் அச்சேறியபின் பெருமதிப்புப் பெற்றது.

இதன் களம் கால்வினியக் கோட்பாட்டின் ஒரு திரிபு. இறைவன் சிலரை மீட்பிற்கென முன்னரே தெரிந்தெடுத்தனன். அங்ஙனம் தெரிந்தெடுக்கப்பட்டவன் எத்துணைப் பாவஞ் செய்யினும் மீட்பினை இழவான் என்பது அத்திரிபினர் கொள்கை. ராபர்ட் ரிங்ஹிம் என்னும் இளைஞன் இக்கொள்கையின்கண் வளர்க்கப்படுகின்றான். அவன் தெரிந்தெடுக்கப்பட்டவருள் ஒருவனே என வளர்ப்புத் தந்தையாகிய போதகர் உறுதி கூறிய நாளிலேயே, தன் உருவத்தையே ஒத்த ஓர் அயலானை அவன் வழியிற் சந்திக்கின்றான். கில்-மார்ட்டின் என்னும் அவ்வயலான் ராபர்ட்டின் கொள்கை எதனையும் மறுப்பதில்லை. அதனை முற்றும் ஏற்று, அதன் முடிந்த முடிபு வரை அவனை நடத்திச் செல்கின்றான். நல்லுரை கூறி எச்சரித்த முதிய போதகர் ஒருவர் கொல்லப்படுகின்றார். பின்னர் ராபர்ட்டின் தமையனும் கொல்லப்படுகின்றான். ஒவ்வொரு கொலையும் திருத்தொண்டாகவே வாதிக்கப்படுகின்றது.

சோதனை பற்றிய இலக்கியத்தில் இஃது ஒரு பெருந்திருப்பம் எனலாம். லூயிஸ் கதையிற் சாத்தான் துறவியின் நோன்பிற்கு மாறான ஒன்றைக் காட்டி இழுத்தனன். ஹாக் கதையிலோ சாத்தான் பக்தனது பக்தியையே கருவியாகக் கொள்கின்றான். இக்கருத்தினை ஆசிரியர் ஒரு நாட்டுப்புறக் கதையாலும் விளக்குவர். ஆக்டர்மக்டி என்னும் ஊரிற் புதிய போதகர் ஒருவர் வந்து பேருரை ஆற்ற, ஊரார் அனைவரும் நெஞ்சுருகிப் போற்றினர். முதியவர் ஒருவர் மட்டும் ஐயுற்றுப் போதகர் அங்கியைத் தூக்கிக் காட்ட, உள்ளே பிளந்த குளம்புகள் காணப்பட்டன. உரையிற் குற்றம் இல்லை. உரைத்தவன் யார் என்பதனை ஊரார் வினவாததே குற்றம்.

கில்-மார்ட்டின் ராபர்ட்டின் கலங்கிய மனத்தின் தோற்றமே எனச் சொல்வாரும் உளர். அதற்கு நூல் முற்றும் இடந்தருகின்றிலது. தமையன் கொலையை நேரிற் கண்ட பெண்ணொருத்தி இருவரைக் கண்டதாகவே கூறுகின்றாள். அயலான் அவ்விடத்து இல்லாத வேறொருவன் வடிவிற் காணப்பட்டான் என்பதும் அவள் கூற்று. பதிப்பாளர் வரலாறு, பாவியின் ஒப்புக்கோள் என இருவேறு வாய்மொழியாக நூல் அமைந்து, ஒன்றனை ஒன்று முற்றும் உடன்படாதே நிற்கின்றது. புறத்தான் என்றும் அகத்தான் என்றும் ஒருதலையாகத் துணிய ஆசிரியர் விடுகின்றிலர். எவ்வாறு கொள்ளினும் கொன்றவன் பொறுப்பு மாறாது என்பது இவ்வமைப்பின் பயன்.

தாஸ்தாயெவ்ஸ்கியின் சாத்தான்

'கரமசோவ் சகோதரர்' நாவலிற் சோதனை இரண்டிடத்து ஆராயப்படுகின்றது. முன்னது ஐந்தாம் பகுதியில் இவான் கூறும் சமய விசாரணைத் தலைவனது கதை. செவில் நகரில் மீண்டும் தோன்றிய இயேசுவைச் சிறைப்படுத்திய அம்முதியவன், பாலைவனத்து மூன்று சோதனைகளையும் அவர் மறுத்தது பிழை என வாதிக்கின்றான். மக்கள் வேண்டுவன அப்பமும், அற்புதமும், அதிகாரமும். உரிமையை அவர்கள் தாங்கார். அவர்கள்பால் இரக்கங் கொண்டே திருச்சபை அம்மூன்றையும் ஏற்றது என்பது அவன் வாதம். இங்கே சாத்தான் நேரில் வருகின்றிலன். அவன் வினவிய வினாக்கள் மட்டும் பதினைந்து நூற்றாண்டுகட்குப் பின்னும் ஒரு குருவின் வாயில் இரக்கத்தின் மொழியாய் ஒலிக்கின்றன.

பின்னது பதினோராம் பகுதி. இவானது சொல்லைக் கேட்டே அடிமைபோன்ற வேலையாள் ஸ்மெர்த்யாகோவ் அவன் தந்தையைக் கொன்றான். மறுநாள் மன்றத்தில் அதனை வெளியிட இவான் துணிந்திருக்கும் இரவில் ஒருவன் அவன் அறையில் அமர்ந்திருக்கின்றான். ஏறத்தாழ ஐம்பது வயது; வழக்கொழிந்த தையலுடை; பிறர் வீட்டில் அண்டி உண்ணும் வறிய கனவானது தோற்றம்; தடிமனும் மூட்டுவலியும் உண்டு. பருத்த வணிகப் பெண் ஒருத்தியின் உடலிற் புகுந்து அவள் நம்புவனவெல்லாம் நம்பி வாழ்தலே தன் விருப்பம் என்கின்றான். தீயும் புகையும் சூழ வாராமல் இங்ஙனம் இழிந்த தோற்றத்தில் வந்தமையே இவானுக்குப் பெருஞ் சினத்தை விளைக்கின்றது. தன் அறிவிற்கேற்ற பெருமையுடைய பகைவனை எதிர்பார்த்தவன், தன் எண்ணங்களின் கந்தல் உடுத்த வடிவையே எதிரிற் காண்கின்றான்.

வந்தவன் உரைப்பன யாவும் இவான் முன்னரே எண்ணியனவே. மறுமையை நம்பாத ஒருவன் எண்ணிலாத் தொலைவு நடந்து சொர்க்கம் புக்க கதையை அவன் கூற, அது தான் பதினேழாம் வயதிற் பள்ளியிற் புனைந்தது என இவான் நினைவு கூர்கின்றான். பொறாது தேநீர்க் கோப்பையை எறிகின்றான். பின்னர் நோக்க, கோப்பை மேசைமேல் இருந்தபடியே இருக்கின்றது.

இவ்விடத்துச் சோதனை யாது என்பது கூர்ந்து நோக்கற்பாலது. மன்றம் செல்லற்க என்று சாத்தான் தடுக்கின்றிலன். நீ செல்வாய், ஆயின் அறத்தின்பொருட்டன்று, புகழ்ச்சியின்பொருட்டே செல்வாய் என்பது அவன் குத்தல். நல்வினையைத் தடுப்பதினும் அதனைச் செய்வானுக்கே அதனை இகழ்ச்சியாக்கிக் காட்டுதல் கொடிது. பழி தூற்றுபவன் என்னும் பழைய கிரேக்கப் பெயர் இங்கேதான் முழுப்பொருள் பெறுகின்றது. மனிதனை இறைவனிடத்துப் பழி கூறியவன், ஈண்டு மனிதனை அவனிடத்தேயே பழி கூறுகின்றான். மறுநாள் இவான் மன்றத்தில் உண்மையைக் கூறவே கூறினான். அறிவு கலங்கியவன் சொல்லாய் அது முடிந்தது. எனினும் கூறினான் என்பதை மறத்தலாகாது.

தாமஸ் மன்னின் சாத்தான்

'டாக்டர் பவுஸ்துஸ்' அமெரிக்காவின் கலிபோர்னியாவில் 1943 முதல் 1947 வரை எழுதப்பெற்றது. இசைவல்லான் ஆத்ரியான் லெவர்கூன் வரலாற்றை அவன் நண்பன் ஸைட்ப்ளோம் கூறுவதாக அமைந்தது. இசை தன் பழைய வடிவங்களெல்லாம் தேய்ந்து வறண்டு போயிற்று என உணர்ந்த லெவர்கூன், நோயுற்றவள் என அறிந்தும், அவளே தடுத்தும், ஒரு கணிகையைக் கூடி நோயை வலிந்தேற்கின்றான். பின்னர் இத்தாலியின் பலெஸ்த்ரீனாவில் ஒருவன் அவனெதிர் அமர்ந்து பேசுகின்றான். நூலின் 25-ஆம் இயல் அவ்வுரையாடல். இழிதொழிலாளன் தோற்றத்தில் தொடங்கி, கண்ணாடி அணிந்த இசைத்திறனாய்வாளனாகவும், பின்னர் இறைநூல் வல்லானாகவும் வந்தவன் வடிவு மாறுகின்றது. அவனிடமிருந்து தாங்கொணாக் குளிர் வீசுகின்றது. 24 ஆண்டு ஊக்கம் உனக்கு உண்டு. நெஞ்சை வெம்மையுறுத்தும் அன்பு மட்டும் உனக்கு விலக்கு என்பது உடன்படிக்கை. அதுவும் புதியதன்று, நோயை ஏற்ற நாளிலேயே முடிந்தது, இப்பொழுது நடப்பது உறுதிப்படுத்தல் மட்டுமே என அவன் கூறுகின்றான்.

இவ்வுரையாடல் உண்மையாயின் அச்சந்தருவது. உண்மையன்றாயின், அவ்வெள்ளலும் இகழ்ச்சியும் நண்பன் உயிரினின்றே எழுந்தன என எண்ணுதல் அதனினும் அச்சந்தருவது என ஸைட்ப்ளோம் நடுங்குகின்றான். விலை இன்னதென்பது பிற்பகுதியில் விளங்குகின்றது. லெவர்கூன் அன்பு பாராட்டிய சிறுவன், அவன் தங்கையின் மகன், மூளைக்காய்ச்சலால் துடித்து இறக்கின்றான். கலைக்கு உயிர் கொடுக்க உயிர்களிடத்து அன்பைக் கொடுத்தவன், 1930-இல் நண்பர்களைக் கூட்டித் தன் குற்றத்தைத் தானே அறிக்கையிட்டு அறிவிழந்து வீழ்கின்றான்.

ஒருவன் கதையோடு ஒரு நாட்டின் கதையையும் ஆசிரியர் பிணைத்துள்ளார். ஸைட்ப்ளோம் எழுதுங் காலம் ஜெர்மனி வீழ்ச்சியுறும் ஆண்டுகள். ஜெர்மனியைச் சாத்தான் மயக்கினான் எனின், மயங்கியோர் குற்றமற்றவர் எனக் கூறிக் கைகழுவுதல் எளிதாகும். தாமஸ் மன் அதற்கு இடந்தந்திலர். நல்ல ஜெர்மனி, தீய ஜெர்மனி என இரண்டில்லை, உள்ளது ஒன்றே, அதன் சிறந்ததே தீயதாய்த் திரிந்தது என 1945-இல் வாஷிங்டன் நகரத்துக் காங்கிரஸ் நூலகத்தில் அவர் நிகழ்த்திய சொற்பொழிவிற் கூறினார். நாவலின் கருத்தும் அதுவே.

தடையும் விடையும்

சாத்தான் உரைப்பன யாவும் மனிதன் உள்ளத்தேயே உள்ளன எனின், சாத்தான் எற்றுக்கு? மனம் என்று கூறி அமையலாகாதோ எனின், அமையாது. ஒருவன் தன் எண்ணத்தைத் தனதெனவே கொண்டிருக்குந்துணையும் அதனை ஆராய்ந்து நோக்கான். அதனோடு உடன்பட்டே ஒழுகுவான். அதுவே எதிரில் வேறொருவனாய் அமர்ந்து பேசுங்கால் அதன் இழிவு அவனுக்குப் புலனாகும். வெறுத்தற்கும் மறுத்தற்கும் இடம் உண்டாகும். இவான் அடைந்த அருவருப்பே அவனுக்குக் கிடைத்த நற்பேறு. எண்ணத்தைப் பிரித்துக் காட்டுதல் சாத்தானை நிறுத்தியதன் பயன். பிரித்துக் காட்டியதனையே சாக்காகக் கொண்டு பழியை அவன்மேல் ஏற்றுதல் அதனால் வருங் கேடு. முன்னதனைத் தந்து பின்னதனை மறுக்கும் நாவலே சிறந்த நாவல்.

ரஷ்ய ஆசிரியர் புல்ககோவ் 1928 முதல் 1940 வரை எழுதி, 1966, 1967 ஆண்டுகளில் முதன்முறையாக இதழில் வெளியான 'ஆசானும் மார்கரிட்டாவும்' இதற்கு வேறொரு சான்று. அதில் மாஸ்கோ வந்த சாத்தான் வோலந்து யாரையும் கெடுத்தற்கு முயல்கின்றிலன். அரங்கில் பணத்தாள் மழையும் இலவச ஆடையும் தருகின்றான். மக்கள் தாமே பாய்ந்து பற்றித் தம்மை வெளிப்படுத்துகின்றனர். அங்கே அவன் சோதிப்பவன் என்பதினும் உரைகல் என்பதே பொருந்தும்.

இவ்விடத்துச் சைவ நூல் பயின்றார்க்கு ஓர் எச்சரிக்கை வேண்டப்படும். மேனாட்டார் கூறும் சாத்தானை ஆணவ மலத்தின் உருவகம் எனக் கொண்டு அமைதல் எளிது, அது பொருந்தாது. ஆணவம் அநாதி, சாத்தான் படைக்கப்பட்டுத் தன் விருப்பத்தால் வீழ்ந்தவனாகக் கூறப்படுபவன். ஆணவம் சடம், சாத்தான் அறிவும் விருப்பமும் உடையவன். ஆணவம் உயிரின் அறிவை மறைப்பதன்றி வாதித்து மயக்குவதில்லை. சாத்தான் வாதத்தையே தொழிலாக உடையவன். எனவே இரண்டனையும் ஒன்றெனக் கூறுவார் இருதிறத்து நூலையும் பிழைபட உணர்ந்தாராவர். தன் எண்ணத்தின் உருவில் வருவதனைத் தன்னின் வேறாகக் கண்டு நீங்குதல் எங்ஙனம் என்னும் வினா மட்டுமே இருபாலார்க்கும் பொதுவாவது. வினா ஒத்தல்பற்றி விடையும் ஒக்கும் எனக் கருதற்க.

நான்கு நாவல்களையும் ஒருங்குவைத்து நோக்கின் ஒரு வரிசை புலனாகும். லூயிஸ் காட்டிய சோதனை உடலின்பம்; ஹாக் காட்டியது பக்தி; தாஸ்தாயெவ்ஸ்கி காட்டியது இரக்கமும் அறிவும்; தாமஸ் மன் காட்டியது கலை. காலஞ் செல்லச் செல்லச் சோதிப்பான் கைக்கொள்ளும் பொருள் இழிந்ததினின்று உயர்ந்ததற்கு ஏறிச் செல்கின்றது. இன்பத்தை அஞ்சி விலகக் கற்றோர் பலர். தம் பக்தியையும் அறிவையும் இரக்கத்தையும் ஐயுற்று நோக்கக் கற்றோர் சிலரே. இந்நாவல்கள் படிப்பாரிடத்து வேண்டுவது அவ்வரிய நோக்கே. உரை இனிதாயிருந்தபொழுது எழுந்து சென்று அங்கியைத் தூக்கிப் பார்த்தவர் அவ்வூரில் ஒருவரே என்பது கருதத்தக்கது.